ஆமாம் என்று சொல்லாத சர்வேயர்

"சனிக்கிழமை ஆறு மணிக்கு எங்க வீட்டுல சாப்பிட வாங்க அங்கிள், ஆன்ட்டியையும் கூட்டிட்டு" என்று நான் முதல் தடவை அழைத்தபோது கீழ்வீட்டு அங்கிள் தரையைப் பார்த்தார். பிறகு, "வாரேன்னு சொல்ல முடியாதும்மா" என்றார். அவ்வளவுதான். வேறு வேலை இருக்கிறதா, உடம்பு சரியில்லையா, எதுவும் சொல்லவில்லை. நான் அமெரிக்கா வந்து மூன்று மாதம்கூட ஆகியிருக்கவில்லை. ஈரோட்டில் யாரும் இப்படி முகத்தில் அடித்தாற்போல் பதில் சொல்லி நான் கேட்டதில்லை. வாடிய முகத்தோடு மாடியேறி வந்து, எங்கள் இரண்டு பேருக்கு மட்டும் போதும் என்று அரிசியை அளந்து வைத்தேன்.

சனிக்கிழமை ஐந்தே முக்காலுக்குக் கதவு தட்டப்பட்டது. இஸ்திரி போட்ட அரைக்கைச் சட்டையில் அவர் நின்றிருந்தார். பின்னால் படியேறி மூச்சு வாங்கிக்கொண்டு ஆன்ட்டி, கையில் ஒரு பாத்திரம் நிறைய அவியல்.

"வரலைன்னு சொன்னீங்களே அங்கிள்?"

"வரலைன்னு சொல்லலியேம்மா. வாரேன்னு சொல்லலை."

ஆன்ட்டி சிரித்தார். "இவருகிட்ட ஒரு வார்த்தை வாங்கணும்னா நீ அடுத்த ஜென்மம் எடுக்கணும் மக்ளே" என்றார். நாகர்கோவில்காரர். என்னைப் பார்த்த முதல் நாளிலிருந்தே மக்ளேதான்.

அது 1996. வெஸ்ட் வின்ட்சரில், பிரின்ஸ்டன் ஜங்ஷன் ரயில் நிலையத்திலிருந்து பத்து நிமிட தூரத்தில் எங்கள் அபார்ட்மென்ட். என் கணவர் காலை ஆறரை ரயிலில் நியூயார்க் போனால் இரவு எட்டுக்குத்தான் வருவார். எனக்கு வேலை செய்ய அனுமதி இல்லாத விசா. கீழ்வீட்டில் இருந்தவர்கள் இவர்கள் இருவரும். ஒரே மகன், டெக்ஸாஸில் வேலை. ஆன்ட்டி நர்ஸ். அவர் வேலையின் பேரில்தான் அமெரிக்கா வந்தார்களாம். நான் பார்க்கும்போது சர்க்கரை அவருடைய இரண்டு கிட்னியையும் தின்று முடித்திருந்தது. அங்கிள் கோவில்பட்டிப் பக்கம். நில அளவை செய்யும் சின்னக் கம்பெனி ஒன்றில் சர்வேயர். எங்களைச் சுற்றிலும் உருளைக்கிழங்கும் சோளமும் விளைந்த வயல்கள் ஒவ்வொன்றாகப் புதுக் குடியிருப்புகளாகிக்கொண்டிருந்த காலம். வயலுக்குள் முதலில் போய் இறங்குவது இவர்தான். முளைக்குச்சிகளை அடித்து, உச்சியில் இளஞ்சிவப்பு ரிப்பன் கட்டிவிட்டு வருவார். ஒரு வருடத்தில் அங்கே இருநூறு வீடு நிற்கும்.

அவர் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. எங்கள் வட்டாரத்தில் எல்லோருக்கும் அவர் சர்வேயர் அங்கிள்தான்.

அவரோடு பழகப் பழக ஒன்று கவனித்தேன். அவர் பேச்சில் எதிர்காலமே இல்லை. வருவேன், செய்வேன், கிடைக்கும், நடக்கும் என்ற சொற்களை அவர் வாயிலிருந்து நான் கேட்டதே இல்லை. 'ஆமா' என்றுகூடச் சொல்ல மாட்டார். நடந்து முடிந்ததைத்தான் பேசுவார். எனக்குக் கார் ஓட்டத் தெரியாத முதல் வருடத்தில் இந்தியக் கடைகள் இருக்கும் எடிசனுக்கு மளிகை வாங்கப் போகும்போது என்னையும் ஏற்றிக்கொள்வார். "எத்தனை மணிக்குக் கிளம்பலாம் அங்கிள்?" என்று கேட்டால், "உங்க வாசல்ல வண்டி நின்னா நான் வந்துட்டேன்னு அர்த்தம்" என்பார். ஒரு நாளும் வண்டி நிற்காமல் இருந்ததில்லை. கோயில் விழாவுக்கு வாலன்டியர் லிஸ்ட்டில் பெயர் கொடுக்க மாட்டார். ஆனால் காலை ஐந்து மணிக்குப் போய் நாற்காலி போட்டுக்கொண்டிருப்பார்.

என் கணவருக்கு இது எரிச்சல். "அந்த மனுசனுக்கு கமிட்மென்ட்டே கிடையாதுங்கறேன்" என்பார். "எல்லாத்துலயும் தப்பிச்சுக்க ஒரு வழி வெச்சுக்கறாரு."

நானும் கொஞ்ச நாள் அப்படித்தான் நினைத்தேன்.

இரண்டாவது குளிர்காலத்தில் என் வயிற்றில் இருந்த ஐந்து மாதக் குழந்தை இறந்துபோயிற்று. ஆஸ்பத்திரியிலிருந்து வந்து நான் படுக்கையிலேயே கிடந்தேன். போன் அடித்துக்கொண்டே இருந்தது. அம்மா, மாமியார், எடிசன் தோழிகள். எல்லோரும் ஒரே வாக்கியத்தைத்தான் சொன்னார்கள். எல்லாம் சரியாயிடும், அடுத்தது நல்லபடியா பிறக்கும், கடவுள் கைவிட மாட்டார். நான் சரி சரி என்று சொல்லிக்கொண்டிருந்தேன். கண்ணில் ஒரு சொட்டு வரவில்லை.

நான்காம் நாள் மத்தியானம் கீழ்வீட்டில் இருந்து இருவரும் வந்தார்கள். ஆன்ட்டி அடுப்படிக்குப் போய்ப் பால் காய்ச்சினார். அங்கிள் என் எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"பையனா, பொண்ணா?" என்று கேட்டார்.

அதுவரை யாரும் அதைக் கேட்டிருக்கவில்லை.

"பொண்ணு அங்கிள்."

"அடுத்ததைப் பத்தி எனக்கு ஒண்ணும் தெரியாதும்மா. இந்தப் பிள்ளை போயிட்டா. அது மட்டும் தெரியும்."

நான் அழ ஆரம்பித்தேன். ஒரு மணி நேரம் அழுதிருப்பேன். அவர் எழுந்து போகவில்லை, தண்ணீர் கொடுக்கவில்லை, அழாதே என்று சொல்லவில்லை. அன்றிலிருந்து அவர்மேல் எனக்கு ஏற்பட்டது மரியாதை என்றால் அது சின்னச் சொல்.

ஆனால் அவரைக் கண்டு பயந்ததும் உண்டு. தமிழ்ச் சங்கத்தில் ஒரு வசந்த காலத்தில் வாஷிங்டனுக்கு பஸ் ஏற்பாடு செய்தார்கள், செர்ரிப் பூ பார்க்க. ஆன்ட்டியின் கட்டாயத்துக்காக அவரும் வந்தார். நினைவுத் தூணுக்கும் பாராளுமன்றக் கட்டடத்துக்கும் நடுவே நீண்டு கிடக்கும் அந்தப் புல்வெளியில் இறங்கியதும் எல்லோரும் கேமராவோடு ஓடினார்கள். இவர் மட்டும் நடுவில் நின்று, ஒரு கண்ணை மூடி, கட்டைவிரலை உயர்த்திப் பிடித்துத் தூரத்தைப் பார்த்தார். "நேர்க்கோடு. ஒரு நூல்கூடப் பிசகலை" என்று முணுமுணுத்தார். முகம் வெளிறியிருந்தது. பிறகு பஸ்ஸுக்குத் திரும்பிப்போய்க் கடைசி சீட்டில் உட்கார்ந்தவர் சாயங்காலம் கிளம்பும்வரை இறங்கவேயில்லை. சாப்பாட்டுப் பொட்டலத்தையும் பிரிக்கவில்லை.

"அவருக்கு என்ன ஆன்ட்டி?"

"அவரு ஒரு தலைநகரம் கட்டினவரு மக்ளே" என்றார் ஆன்ட்டி. "அதை இன்னும் சுமந்துட்டுக் கெடக்காரு."

அதற்கு மேல் அன்று சொல்லவில்லை. நான் லைசென்ஸ் எடுத்து, செவ்வாயும் வியாழனும் ஆன்ட்டியை டயாலிசிஸுக்குக் கூட்டிப்போக ஆரம்பித்த பிறகுதான் ரூட் ஒன்னின் சிக்னல்களில் நின்று நின்று அந்தக் கதை வந்தது.

எண்பதுக்குச் சற்று முன்பு அவர்கள் நைஜீரியா போயிருக்கிறார்கள். அந்த நாட்டின் தலைநகரம் அப்போது லாகோஸ். கடலோரத்தில் நெரிசலில் திணறிக்கொண்டிருந்த ஊர். நாட்டின் நட்ட நடுவில், எந்த ஒரு பெரிய இனத்தாருக்கும் சொந்தம் என்று சொல்ல முடியாத இடத்தில், புதிதாக ஒரு தலைநகரம் கட்டுவது என்று ராணுவ அரசு முடிவெடுத்திருந்தது. அபுஜா என்று பெயர். நகரத்தின் படம் அமெரிக்காவில் வரையப்பட்டு வந்ததாம். வாஷிங்டன் மாதிரியே நடுவில் ஒரு நீண்ட வெளி, அதன் தலைமாட்டில் பாராளுமன்றம், அதற்குப் பின்னால் யானை படுத்த மாதிரி ஒரு மாபெரும் பாறை.

"நாங்க போனப்ப அந்தப் பாறை மட்டும்தான் இருந்துச்சு" என்றார் ஆன்ட்டி. "ஊரே கெடையாது. இடுப்பளவு புல்லு. செம்மண். தகரக் கொட்டகையில குடியிருந்தோம். ஆனா சுவத்துல மாட்டியிருக்க படத்துல எல்லாத் தெருவும் இருக்கும். இது மந்திரி வீடு, இது ஆஸ்பத்திரி, இது பள்ளிக்கூடம்னு இவரு விரல் வச்சுக் காட்டுவாரு. அப்பல்லாம் இவரு வாயைத் திறந்தா வரும், நடக்கும், இருக்கும்தான். பொங்கிப் பொங்கிப் பேசுவாரு. நம்ப மாட்டே."

நான் நம்ப முடியாமல்தான் ஓட்டிக்கொண்டிருந்தேன்.

அந்தப் புல்வெளியில் கிராமங்கள் இருந்தன. படத்தில் அவை இல்லை. நகரம் வருவதற்காக அவற்றை எடுத்து வேறிடத்தில் குடிவைக்க வேண்டும். பெரிய சாலை ஒன்று போகவேண்டிய கோட்டின்மேல் ஒரு சின்னக் கிராமம், நாற்பது வீடு இருக்கும். அந்த ஊரை அளக்கும் வேலை இவருக்கு வந்தது. வீடு வீடாகப் போய்ச் சுவரை அளந்தார். இழப்பீட்டுக்காக மரங்களை எண்ணினார். மாமரம் எத்தனை, எண்ணெய்க்கொட்டை மரம் எத்தனை என்று. தினமும் போய்ப் போய் அவர்கள் வீட்டில் சாப்பிடும் அளவுக்குப் பழகிவிட்டார். அங்கே பெண்கள் சுமையைத் தலையில் வைக்க மாட்டார்களாம், தோளில்தான் தூக்குவார்களாம். தலைதான் உடம்புக்கு ராஜா, ராஜாமேல் பாரம் ஏற்றக்கூடாது என்பது அவர்கள் வழக்கம். ஊர்ப் பெரியவர் ஒருவர் இவரிடம் பிரியமாக இருந்தார். இவர் அந்தப் பக்கத்துப் பொதுமொழியான ஹௌசாவை அரைகுறையாகக் கற்றிருந்தார்.

"அந்தப் பெரியவர் ஒண்ணே ஒண்ணுதான் கேட்டாரு. மழைக்கு முன்னாடி புது இடத்துல எங்களுக்கு வீடு இருக்குமான்னு. இவரு ஆபீஸ்ல போய்க் கேட்டாரு. இருக்கும்னாங்க. வீட்டுப் படத்தையே எடுத்துக் காட்டினாங்க. திரும்பிப் போய் ஆமான்னு சொன்னாரு. இவரு சொன்னதுனால ஊரே லாரி ஏறிச்சு."

"வீடு இருந்துச்சா ஆன்ட்டி?"

"அஸ்திவாரம் இருந்துச்சு. சில எடத்துல இடுப்பளவு சுவர். பணம் நின்னுபோச்சுன்னாங்க, கான்ட்ராக்ட் மாறிப்போச்சுன்னாங்க. மழை வந்துட்டு. நான் அங்க கிளினிக்லதான் டூட்டி. தார்ப்பாய்க்கு அடியில சின்னப் பிள்ளைங்களா கெடந்துச்சு. வாந்தி பேதி. எத்தனை பிள்ளைங்க கண்ணை நானே மூடினேன்னு என்கிட்ட கேக்காதே."

டயாலிசிஸ் சென்டர் வந்துவிட்டது. நான் காரை நிறுத்திவிட்டு இறங்காமல் இருந்தேன். ஆன்ட்டி தானே கதவைத் திறந்து, ஊன்றுகோலை வெளியே வைத்தார்.

"அவரு சொன்னது பொய் இல்ல மக்ளே. அவருக்குச் சொன்னவங்க சொன்னதுதான் பொய். இதை இருபது வருசமா சொல்லிப் பாத்துட்டேன். அன்னையிலேருந்து யாருக்கும் ஒரு வார்த்தை கொடுக்க மாட்டேங்காரு. பெத்த மகனுக்கும் கெடையாது. பட்டமளிப்புக்கு வருவீங்களாப்பான்னு அவன் கேட்டு, இவரு பேசாம நின்னு, அவன் அழுதுட்டுப் போனை வச்சான். போய் முதல் வரிசையில உக்காந்துருந்தாரு. ஆனா பிள்ளைக்கு அந்த அழுகைதான ஞாபகம் இருக்கும்?"

அதற்கு அடுத்த வருடம் நாங்கள் வீடு வாங்க முடிவு செய்தோம். ஒரு பழைய சோள வயலில் வரப்போகும் குடியிருப்பு. எங்கள் மனையைப் பார்க்கப் போனபோது ஆரஞ்சு நிறக் கையில்லாச் சட்டை போட்டுக்கொண்டு அங்கிள்தான் அங்கே அளந்துகொண்டிருந்தார். என் கணவர் உற்சாகமாகிவிட்டார்.

"அங்கிள், ஜூன்ல வீட்டைக் கொடுத்திடுவாங்களா?"

"பில்டரைக் கேளுங்க தம்பி."

"நீங்கதானே அளக்கறீங்க?"

"அளந்தது எனக்குத் தெரியும். கட்டறது தெரியாது."

"சும்மா சொல்லுங்க அங்கிள், ஒரு நல்ல வார்த்தை!"

அவர் கையில் இருந்த சுத்தியலைக் கீழே வைத்தார். என் கணவரின் முகத்தைப் பார்த்து, ஏதோ மன்னிப்புக் கேட்பவர்போலத் தலையைக் குனிந்துகொண்டு, அடுத்த முளைக்கு நடந்துபோய்விட்டார். காரில் திரும்பும்போதுதான் கணவருக்கு அது உறைத்தது. ஆன்ட்டி சொன்ன கதையை நான் அவரிடம் முன்பே சொல்லியிருந்தேன்.

கடைசி வருடம் ஆன்ட்டிக்கு ஒரே ஆசைதான் இருந்தது. ஊருக்குப் போய்ச் சாக வேண்டும். நாகர்கோவிலில் அவருடைய தங்கை வீடு, பின்னால் குளம், குளத்துக்கு அப்பால் மலை. "மருந்து, மிஷினு எல்லாம் அங்கயும் இருக்கு. கூட்டிட்டுப் போறேன்னு சொல்லட்டுமே, எனக்கு அது போதும்" என்று காரில் என்னிடம் சொல்வார். டாக்டர் அவ்வளவு நீண்ட விமானப் பயணம் கூடாது என்று தடுத்திருந்தார். அது ஆன்ட்டிக்கும் தெரியும், நர்ஸ் அல்லவா. போக முடியாது என்று தெரிந்தேதான் அந்த வார்த்தையைக் கேட்டார். அங்கிள் ஏஜென்ட்டிடம் போய் டிக்கெட் விசாரித்தார், சக்கர நாற்காலிக்கு எழுதிக் கேட்டார், நாகர்கோவிலில் டயாலிசிஸ் எங்கே என்று தங்கையிடம் விவரம் வாங்கினார். எல்லாம் செய்தார். அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் சொல்லவில்லை.

மார்ச் மாதம், பனி உருகிச் சேறாகிக் கிடந்த ஒரு வாரத்தில், ஆன்ட்டிக்கு டயாலிசிஸ் குழாய் வழியாகத் தொற்று ஏறி ரத்தத்தில் கலந்துவிட்டது. ஐசியூவில் சேர்த்தார்கள். மகன் டெக்ஸாஸிலிருந்து அடுத்த நாள் வருவதாக இருந்தது. நினைவு வந்து வந்து போனது. வரும்போதெல்லாம் அவரைத்தான் தேடினார். "சொல்லுங்க" என்றார். "ஊருக்குப் போலாம்னு சொல்லுங்க." அவர் கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

என்னால் தாங்க முடியவில்லை. அவரைக் கீழே காபி குடிக்க அழைத்துப்போவதுபோல் அழைத்துப்போனேன். மத்தியான நேரம், கேன்டீனில் கூட்டம். ஒரு மூலை மேஜையில் உட்கார்ந்ததும் கேட்டேன்.

"அங்கிள், உங்க மனசு எனக்குத் தெரியும். ஆன்ட்டி எல்லாம் சொல்லியிருக்காங்க. ஆனா இப்ப அவங்களுக்கு இருக்கறது ரெண்டு நாளோ மூணு நாளோ. பொய்யா இருந்தாலும் பரவாயில்லை. ஒரே ஒரு வார்த்தை சொல்லிடுங்க. என்ன கெட்டுப்போச்சு?"

அவர் காபிக் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார்.

"அவ உங்கிட்ட எது வரைக்கும் சொன்னா?"

சொன்னேன். லாரி, அஸ்திவாரம், மழை, பிள்ளைகள்.

"அதுக்கப்புறம் ஒண்ணு நடந்துச்சும்மா. அது அவளுக்குத் தெரியாது" என்றார்.

மழை தொடங்கிப் பத்து நாள் கழித்து அந்த ஊர்ப் பெரியவர் முகாமிலிருந்து கிளம்பி, நடந்தே பழைய ஊருக்குத் திரும்பிவிட்டாராம். ஊர் அங்கே இல்லை. வீடுகளை இடித்துச் சமன் செய்தாகிவிட்டது. ஒரு மாமரம் மட்டும் நின்றது. அதன் அடியில் போய் உட்கார்ந்துகொண்டார். அந்த மரத்தையும் சாய்த்தால்தான் சாலை நகரும். புல்டோசர்காரன் என்ஜினை ஓடவிட்டபடி காத்திருந்தான். மொழி தெரிந்தவர் என்று இவரை ஜீப்பில் ஏற்றி அனுப்பினார்கள்.

"நான் போயி அவருக்கு முன்னால குந்துனேன். கோவப்படலை. வையலை. பேரன் ரெண்டு பேரு போயிட்டாங்கன்னு சொன்னாரு. அப்புறம் என் கையைப் பிடிச்சுக்கிட்டுக் கேட்டாரு. 'நீ இன்னொரு தடவை சொல்லு. வீடு வருமா? நீ சொன்னா எந்திரிச்சுப் போறேன்'னாரு."

அவர் கோப்பையை மேஜையில் வைத்தார்.

"வராதுன்னு எனக்குத் தெரியும்மா. அந்தக் காலையிலதான் பைலைப் பாத்தேன். அந்த வேலையையே நிறுத்தியாச்சு. பின்னால புல்டோசர் உறுமிக்கிட்டு நிக்கி. ஹௌசாவுல ஆமான்னு சொல்ல 'ஈ'ன்னா போதும். ஒரே எழுத்து. சொன்னேன்."

"அங்கிள்..."

"எந்திரிச்சாரு. என் தோளைப் பிடிச்சுக்கிட்டுத்தான் எந்திரிச்சாரு. ஜீப்புல நானே கூட்டிட்டுப் போயித் தார்ப்பாய்க்கு அடியில விட்டேன். ஊருக்காரங்களைக் கூப்பிட்டு, வீடு வருதாம், இவரு சொல்லிட்டாருன்னு சொன்னாரு. எல்லாரும் என்னைப் பாத்தாங்க. ஒரு வாரத்துல அவரும் போயிட்டாரு. முத தடவை நான் தெரியாம சொன்னேன். ரெண்டாந்தடவை தெரிஞ்சு சொன்னேன். பொய்யா இருந்தாலும் பரவாயில்லைன்னு நீ சொல்லுத. அது என்ன செய்யும்னு நான் பாத்துட்டேன்."

நான் அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும். இன்றுவரை அதை நினைக்காத நாள் இல்லை. ஆனால் மேலே ஆன்ட்டியின் முகம் என் கண்ணில் நின்றது. நான் மேஜைமேல் சாய்ந்து, "இது வேற அங்கிள்" என்றேன். "அவங்க உங்களை நம்பி எங்கயும் போகப்போறதில்லை. நிம்மதியாக் கண்ணை மூடுவாங்க. அவ்வளவுதான். எனக்காகச் சொல்லுங்க."

அவர் குடிக்காத காபியை ஓரமாக நகர்த்தினார். பிறகு எழுந்தார்.

நாங்கள் மேலே போனபோது ஆன்ட்டி விழித்திருந்தார். அங்கிள் கட்டிலருகே போய், குனிந்து, ஊசிகள் ஏறியிருந்த அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார். குரல் நடுங்காமல், தெளிவாகச் சொன்னார்.

"ஆமா. ஊருக்குப் போவோம். அடுத்த மாசம் நான் உன்னைக் கூட்டிட்டுப் போறேன்."

ஆன்ட்டியின் முகம் மலரும் என்று நான் காத்திருந்தேன். அவர் கணவரையே பார்த்தார். கண்ணில் முதலில் வந்தது ஆச்சரியம். பிறகு மெல்ல மெல்ல அது வேறொன்றாக மாறிற்று. ஒரு நர்ஸ் நோயாளியின் சீட்டைப் படித்துவிட்டு நிமிர்வாளே, அந்தப் பார்வை. இருபது வருடமாக ஒரு வார்த்தை கொடுக்காத மனிதர் கொடுத்துவிட்டார் என்றால் இனி அதைக் காப்பாற்றத் தேவையே வராது என்பது அவருக்குப் புரிந்துவிட்டது. அதுவரை எங்கோ ஒரு மூலையில், பிழைத்துவிடுவோம் என்று வைத்திருந்தார்போல.

"அவ்வளவுதானா?" என்று கேட்டார். யாரிடம் கேட்டார் என்று தெரியவில்லை.

பிறகு கையை விடுவித்துக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். அங்கிள் கூப்பிட்டார். மறுபடி கூப்பிட்டார். ஆன்ட்டி திரும்பவில்லை. மறுநாள் மகன் வந்தபோது அவனோடு இரண்டு வார்த்தை பேசினார். கணவரோடு பேசவில்லை. அதற்கும் மறுநாள் காலையில் போய்விட்டார்.

அங்கிள் என்னை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும். நான் மன்னிப்புக் கேட்கப் போனபோது, கீழ்வீட்டில் ஆன்ட்டியின் புடவைகளைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தார். "நீ நல்லதுக்குத்தான் சொன்னே" என்றார். "அந்தக் காலத்துல எனக்குச் சொன்னவங்களும் அப்படித்தான்." அதில் கோபமே இல்லை. நான் படியேறி வீட்டுக்கு வந்து குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டு உட்கார்ந்திருந்தேன்.

சாம்பலை எடுத்துக்கொண்டு ஊருக்குப் போய்க் கன்னியாகுமரியில் கரைத்துவிட்டு வந்தார். வேலையை விட்டார். மகன் வந்து டெக்ஸாஸுக்குக் கூட்டிப்போனான். ஃபிரிஸ்கோவில், அப்போதுதான் கட்டி முடித்துக்கொண்டிருந்த ஒரு குடியிருப்பில் அவன் வீடு. நான் மாதம் ஒரு முறை போன் செய்வேன். முதலில் அங்கிளே எடுப்பார். பிறகு மகன் எடுக்க ஆரம்பித்தான்.

"அப்பா நாள் பூரா நடந்துட்டே இருக்கார். பாதி கட்டின தெருவுல எல்லாம் போயிடறார். ரெண்டு தடவை போலீஸ் கூட்டிட்டு வந்து விட்டாங்க" என்றான் ஒரு முறை.

கடைசியாகப் பேசியபோது அவன் சொன்னான்:

"இப்ப எதைக் கேட்டாலும் ஆமான்னுதான் சொல்றார். டாக்டர் ஏதோ பேர் சொன்னார், டெஸ்ட் எல்லாம் எடுத்தாங்க. சாப்பிட்டீங்களான்னா ஆமா. சாப்பிடலையான்னாலும் ஆமா. நேத்து அழுதுட்டே கேட்டேன், நான் யாருன்னு தெரியுதாப்பான்னு. ஆமான்னார். சின்ன வயசுல அந்த ஒரு வார்த்தைக்கு நான் எவ்வளவு ஏங்கியிருக்கேன் தெரியுமா?"

அதற்குப் பிறகு அவர்கள் வீடு மாறிவிட்டார்கள். எண் வேலை செய்யவில்லை.

2001 தொடக்கத்தில் எங்களுக்கு கிரீன் கார்டு வந்து, நான் ஒரு இன்சூரன்ஸ் அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தேன். என் பக்கத்து மேஜையில் நைஜீரியாக்காரர் ஒருவர். நல்ல மனிதர், வாய் நிறையச் சிரிப்பார். விடுமுறைக்கு ஊருக்குப் போய் வந்தவர் ஒரு கட்டுப் புகைப்படங்களைக் கொண்டுவந்து என் மேஜைமேல் பரப்பினார். தலைநகர் அபுஜாவில் அவருடைய தம்பி வீடு கட்டியிருக்கிறானாம். ஆறு வண்டிகள் பக்கம் பக்கமாகப் போகும் சாலை. இருபுறமும் பூச்செடி. தூரத்தில் பொன்னிறக் கோபுரத்தோடு ஒரு மசூதி. எல்லாவற்றுக்கும் பின்னால் அந்தப் பாறை. அவ்வளவு அழகாக இருக்கும் என்று நான் நினைத்திருக்கவில்லை.

"எங்க லாகோஸ் மாதிரி இல்லை" என்றார் பெருமையாக. "எல்லாம் பிளான் பண்ணிக் கட்டினது. கோடு போட்ட மாதிரி இருக்கும்."

"இதுக்கு முன்னால அங்க என்ன இருந்தது?" என்று கேட்டேன்.

"ஒண்ணுமில்லை. வெறும் புல்லு. மனுசங்களே கிடையாது. அதனாலதானே அந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தாங்க."

இல்லை, அங்கே ஓர் ஊர் இருந்தது என்று சொல்ல வாயெடுத்தேன். என்ன ஊர் என்று அவர் கேட்பார். அதன் பெயரை அங்கிள் என்னிடம் சொன்னதே இல்லை. நானும் கேட்டதில்லை. புகைப்படங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி அவரிடம் திருப்பிக் கொடுத்தேன்.